கிரானைட், கருங்கல் போன்ற கடினக் கல்லை வீட்டிலேயே மெஷின் வைத்து அறுக்கலாமா?

புதுமனை எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். 30 மி.மீ. தடிமன் உள்ள கிரானைட் பலகை ஒன்று கையில் இருக்கிறது. இன்னும் எங்கும் பதிக்கவில்லை. நீளத்தில் கொஞ்சம் குறைக்க வேண்டும், நடுவில் சிங்க் உட்காரும் அளவுக்கு ஒரு செவ்வகத் துளையும் போட வேண்டும். என்னிடம் 125 மி.மீ. ஆங்கிள் கிரைண்டர் உண்டு. இரும்புக் குழாய் அறுத்துப் பழக்கம், கல் அறுத்ததில்லை. டைமண்ட் பிளேடு வாங்கி மாட்டினால் போதுமா? ஒருவர் தண்ணீர் ஊற்றி அறு என்கிறார், இன்னொருவர் கரண்டு மெஷினில் தண்ணீரா, செத்துப் போவாய் என்கிறார். இரண்டும் சரியாகத்தான் தோன்றுகிறது. அதுதான் குழப்பம்.

கல்லுளி எழுதியது:

இரண்டு பேர் சொன்னதும் சரிதான். அதனால் கேள்வியை மாற்றிக் கேளுங்கள்: தண்ணீரோடு அறுக்கவென்றே செய்த மெஷின் எது?

ஆங்கிள் கிரைண்டரில் காற்றை உள்ளே இழுத்து மோட்டாரைக் குளிர்விக்கும் துளைகள் இருக்கின்றன. பக்கத்தில் தண்ணீர் தெறித்தால் அதுவும் அதே வழியாக உள்ளே போகும். மார்பிள் கட்டர் என்று கிடைக்கும் சின்ன மெஷின் வேறு வகை. 110 மி.மீ. பிளேடு, கீழே தட்டையான அடித்தகடு, ஆழத்தைக் கூட்டிக் குறைக்கத் திருகு இருக்கும். அதில் தண்ணீர்க் குழாய் இணைப்போடு வருகிற மாடலாகப் பார்த்து வாங்குங்கள். எல்லா மாடலிலும் அது இருக்காது. தகடு கல்லின் மேல் படிந்து போவதால் கோடும் நேராக வரும், கை ஆடினாலும் பிளேடு சட்டென்று கோணாது. பெரும்பாலான மாடல்கள் 32 மி.மீ. சுற்றி ஆழம் இறங்கும், உங்கள் 30 மி.மீ. பலகைக்கு மயிரிழையில் போதும். கல் சின்னதாக இருந்து மேசை மீது தள்ளக்கூடிய அளவென்றால் தண்ணீர்த் தொட்டி உள்ள டைல் ரம்பம் இன்னும் நல்லது. உங்களுடையதோ பலகை, அதைத் தூக்கித் தள்ள முடியாது.

கிரைண்டரை ஒதுக்கி வைக்க வேண்டியதில்லை. மூலையைத் தேய்க்க, சின்ன மிச்சத்தை எடுக்க அது வேண்டும். முழு அறுப்பையும் அதில் செய்யாதீர்கள் என்பதுதான் என் கட்சி.

நத்தை எழுதியது:

இவ்வளவு யோசனை எதற்கு? வேலை நடக்கிற இடத்தில் பாருங்கள், மூக்கில் ஒரு துண்டைக் கட்டிக்கொண்டு கிரைண்டரில் காய்ந்த கல்லையே சர்ரென்று அறுத்துத் தள்ளுகிறார்கள். ஒன்றும் ஆவதில்லை.

ஆய்வகம் எழுதியது:

நத்தை, ஒன்றும் ஆவதில்லை என்று அன்றைக்கு மட்டும்தான் தோன்றும். கல்லில் உள்ள சிலிக்காவின் தூசைச் சுவாசிப்பதால் வரும் சிலிகோசிஸ் வழக்கமாக 10 ஆண்டுகளுக்கும் மேல் கழித்துத் தலைகாட்டும் நுரையீரல் நோய். தூசு மிக அதிகமாக இருந்தால் 5 ஆண்டுக்குள்ளும் வரும், அதைவிடச் சீக்கிரமும் வந்திருக்கிறது. வந்துவிட்டால் நுரையீரலில் விழுந்த தழும்பை ஆற்ற மருந்து இல்லை. படிகச் சிலிக்காத் தூசு மனிதருக்குப் புற்றுநோய் உண்டாக்குவது உறுதி என்று பன்னாட்டுப் புற்றுநோய் ஆய்வு நிறுவனம் 1997-லேயே முதல் பிரிவில் வைத்துவிட்டது.

ஒரு சின்னக் கணக்கு போடுவோம். 2 மி.மீ. அகலம், 30 மி.மீ. ஆழம், 1 மீட்டர் நீளம் அறுத்தால் 60 கன செ.மீ. கல் பொடியாகிறது. எடையில் 160 கிராமுக்கு மேல். அமெரிக்காவின் தொழில் பாதுகாப்பு அமைப்பான ஓஷா 2016-ல் கொண்டுவந்த வரம்பு, 8 மணி நேரச் சராசரியாக ஒரு கன மீட்டர் காற்றில் 50 மைக்ரோகிராம் சிலிக்கா. 3 மீட்டர் அகலம், 4 மீட்டர் நீளம், 3 மீட்டர் உயரம் உள்ள அறை முழுக்கச் சேர்த்தாலும் அது 2 மில்லிகிராமைத் தொடாது. பொடியான 160 கிராமும் நுரையீரலின் அடிவரை போகும் நுண்தூசாக இருக்காது, பெரும்பங்கு பருமனான துகள்தான், அது உடனே கீழே விழுந்துவிடும். ஆனாலும் அந்த அறையைக் கெடுக்க 160 கிராமில் ஆயிரத்தில் ஒரு பங்கு அளவுகூட வேண்டியதில்லை.

இன்னொன்று. கண்ணுக்குத் தெரிகிற வெள்ளைப் புகை அடங்கியதும் எல்லாரும் முகக்கவசத்தைக் கழற்றுவார்கள். ஆபத்தான துகள்கள் கண்ணுக்குத் தெரியாத அளவு, அவை மணிக்கணக்கில் காற்றில் மிதக்கும்.

புதுமனை, நீங்கள் பயந்துவிட வேண்டாம். ஒரு நாள் ஒரு பலகை அறுத்ததற்கே நோய் வந்துவிடும் என்று நான் சொல்லவில்லை. தினம் அறுப்பவருக்கு இருக்கிற ஆபத்து வேறு, உங்களுடையது வேறு. ஆனால் தண்ணீரும் சரியான முகக்கவசமும் வைத்து இந்தத் தூசில் மிகப்பெரும் பகுதியைத் தவிர்க்க முடியும்போது எதற்காகச் சுவாசிக்க வேண்டும்? வீட்டில் குழந்தைகள், பக்கத்து வீட்டில் ஆட்கள் இருக்கிறார்கள். அவர்கள் முகக்கவசம் போட்டிருக்கப் போவதில்லை.

நத்தை எழுதியது:

சரி, துண்டு வாபஸ். ஆனால் கறுப்பு கிரானைட்டில் சிலிக்கா இல்லை என்று சொல்கிறார்களே?

ஆய்வகம் எழுதியது:

பாதி உண்மை. புவியியலில் கிரானைட் என்றால் அதன் வெளிர்நிறக் கனிமங்களில் குவார்ட்ஸ் (படிகச் சிலிக்கா இதுதான்) குறைந்தது ஐந்தில் ஒரு பங்கு இருக்க வேண்டும். கறுப்பு கிரானைட் என்று விற்பனையில் உள்ளவற்றில் பல உண்மையில் டோலரைட் அல்லது காப்ரோ என்ற வேறு கற்கள். அவற்றில் குவார்ட்ஸ் மிகக் குறைவு. மறுபக்கம் மணற்கல், குவார்ட்ஸைட் இரண்டிலும் பெரும்பகுதி குவார்ட்ஸ்தான். பார்க்க மென்மையாக இருக்கிற மணற்கல் தூசு விஷயத்தில் கிரானைட்டைவிட மோசம் என்பதைப் பலர் யோசிப்பதில்லை. சுத்தமான பளிங்கு கால்சைட்டால் ஆனது, அதில் குவார்ட்ஸ் இல்லை.

கையில் உள்ள கல் எது என்று வீட்டில் உட்கார்ந்து உறுதியாகச் சொல்வது கடினம். அதனால் எல்லாக் கல்லையும் சிலிக்கா உள்ள கல்லாகவே நடத்துங்கள். ஊர் பேர் தெரியாத மாக்கல், பச்சை நிறப் பாம்புக்கல் (செர்பென்டைன்) வகைகளில் ஆஸ்பெஸ்டாஸ் இழை இருக்கவும் வாய்ப்புண்டு. அவற்றை வீட்டில் மெஷின் வைத்து அறுக்கவே வேண்டாம் என்பேன்.

செயற்கைக் குவார்ட்ஸ் பலகை இந்தப் பேச்சுக்கு வெளியே. ஆனாலும் ஒரு வரி: அதில் சிலிக்கா 90 சதவீதத்துக்கும் மேல் இருக்கலாம். ஆஸ்திரேலியா 2024 ஜூலை 1 முதல் அந்தப் பலகையைத் தயாரிப்பது, விற்பது, பொருத்துவது எல்லாவற்றையும் தடை செய்துவிட்டது.

கரண்டுக்காரர் எழுதியது:

தண்ணீர், மின்சாரம் பற்றி யாரும் முழுசாகச் சொல்லவில்லை, நான் சொல்கிறேன்.

30 மில்லி ஆம்பியரில் டிரிப் ஆகும் ஆர்.சி.சி.பி. (மின்கசிவு வந்தால் கரண்டைத் துண்டிக்கும் சுவிட்ச்) உள்ள லைனில்தான் மெஷினைச் சொருக வேண்டும். சாதாரண எம்.சி.பி. (லோடு கூடினால் விழும் சுவிட்ச்) உங்களைக் காப்பாற்றாது, அது வயரைக் காப்பாற்றத்தான். உங்கள் உடம்பு வழியாகப் போகிற கசிவு அதற்கு ஒரு பொருட்டே இல்லை. ஆர்.சி.சி.பி. இருந்தால் அதன் டெஸ்ட் பட்டனை அழுத்தி விழுகிறதா என்று பார்த்துவிட்டு வேலையைத் தொடங்குங்கள். வருடக்கணக்கில் தொடாமல் இருந்தது விழாமலும் போகலாம்.

எக்ஸ்டென்ஷன் பாக்ஸ் தரையில் கிடக்கக் கூடாது. வயரில் வழிந்து வரும் தண்ணீர் நேராகப் பிளக்குக்குள் போகும். பிளக் மேலே இருக்க வேண்டும், வயர் அதற்குக் கீழே ஒரு தொங்கல் விட்டு வர வேண்டும். தண்ணீர் அந்தத் தொங்கலில் சொட்டிவிடும். ரப்பர் அடி உள்ள மூடிய காலணி போடுங்கள். ஈரக்கையால் பிளக்கைத் தொடாதீர்கள்.

அப்புறம் தண்ணீர் என்றால் பிளேடு நனைகிற அளவுக்கு நிதானமாக ஓட வேண்டும். பக்கெட்டோடு கவிழ்ப்பது இல்லை. ஆள் வைத்து கிரைண்டர் மேல் பாட்டிலில் ஊற்றச் சொல்கிறார்களே, அதைத்தான் நான் வேண்டாம் என்கிறேன். ஊற்றுகிறவர் கையும் பிளேடுக்குப் பக்கத்தில் இருக்கும்.

பேட்டரி மெஷின் இருந்தால் ஷாக் கவலை பெரிதாக இல்லை, 18 வோல்ட்தான். ஆனால் தண்ணீர் புகுந்தால் மெஷினும் பேட்டரியும் போய்விடும்.

புதுமனை எழுதியது:

நன்றி அண்ணே, டெஸ்ட் பட்டனை அழுத்திப் பார்த்தேன், விழுகிறது. பிளேடு பற்றி யாராவது சொல்லுங்கள். கடையில் துண்டு துண்டாகப் பல் விட்டது, ஓரம் முழுசாக வட்டமாக இருப்பது, அலை அலையாக இருப்பது என்று மூன்று விதம் இருக்கிறது.

கல்லுளி எழுதியது:

பல் விட்டது வேகமாக அறுக்கும், காற்றுப் போய்க் குளிரும், ஆனால் கிரானைட்டின் விளிம்பில் சில்லு பெயர்க்கும். முழு வட்ட ஓரம் மெதுவாக அறுக்கும், விளிம்பு சுத்தமாக இருக்கும், தண்ணீர் இல்லாமல் அதை ஓட்டக் கூடாது. அலை வடிவம் (டர்போ என்பார்கள்) நடுவில் நிற்பது. உங்கள் வேலைக்குத் தண்ணீரோடு டர்போ எடுங்கள்.

வடிவத்தைவிட முக்கியமான ஒன்றைக் கடையில் யாரும் சொல்வதில்லை. டைமண்ட் பிளேடு வெட்டுவதில்லை, தேய்க்கிறது. உலோகப் பொடிக்குள் வைரத்துகளைக் கலந்து சுட்டு எடுத்ததுதான் அந்த ஓரம். மேலே உள்ள வைரம் மழுங்கினால் அதைப் பிடித்திருக்கும் உலோகம் தேய்ந்து அடுத்த வைரம் வெளியே வர வேண்டும். கிரானைட் போன்ற கெட்டிக் கல்லின் பொடி மிக நைசாக இருப்பதால் உலோகத்தை அதிகம் அரிக்காது. ஆகவே கெட்டிக் கல்லுக்கு மென்மையான உலோகப் பிணைப்புள்ள பிளேடு வேண்டும். தார்ச்சாலை, இன்னும் முழுசாக இறுகாத கான்கிரீட் போன்று பிளேடை அரித்துத் தின்னும் பொருளுக்கு கெட்டிப் பிணைப்பு. கேட்கும்போது தலைகீழாகத் தோன்றும், ஆனால் அப்படித்தான். உறையில் கிரானைட்டுக்கு என்று எழுதியிருப்பதை வாங்கினால் இந்தத் தலைவலி இல்லை.

தவறான பிளேடு போட்டால் என்ன ஆகும்? ஓரம் கண்ணாடி மாதிரி வழவழப்பாகும், பொறி பறக்கும், கல் அசையாது. உடனே எல்லாரும் செய்வது அழுத்துவது. அழுத்த அழுத்தச் சூடு ஏறி பிளேடு நெளியும், மெஷின் உதறும். அப்போது நிறுத்திவிட்டு, பிளேடு தீட்டும் கல்லிலோ மென்மையான மணற்கல்லிலோ தண்ணீரோடு சில கோடு இழுங்கள். உலோகம் தேய்ந்து புது வைரம் வெளியே வரும்.

மாட்டும்போது அம்புக்குறி சுழலும் திசையில் இருக்கிறதா பாருங்கள். தகட்டில் விரிசல், பல் உதிர்ந்த இடம் இருந்தால் அந்த பிளேடு குப்பைக்கு.

காத்தாடி எழுதியது:

என்னிடம் 230 மி.மீ. பிளேடு ஒன்று இருக்கிறது. பிளேடை மூடியிருக்கும் பாதுகாப்பு உறையை (கார்டு) கழற்றிவிட்டால் 125 மெஷினில் உட்காரும். ஆழமாக அறுக்கலாம் இல்லையா?

கல்லுளி எழுதியது:

கூடவே கூடாது. 125 மெஷின் நிமிடத்துக்கு 11,000 சுற்று ஓடுகிறது. அதில் 230 பிளேடு போட்டால் விளிம்பு வினாடிக்கு 132 மீட்டர் வேகத்தில் போகும். அந்த பிளேடின் உச்ச வரம்பு வினாடிக்கு 80 மீட்டர்தான், அதனால்தான் 230 மெஷின்கள் 6,600 சுற்றோடு நிறுத்திக்கொள்கின்றன. ஒரு பல் கழன்றால் அது துப்பாக்கிக் குண்டு. நடுவில் கார்டும் இல்லை. பிளேடில் அச்சடித்த சுற்று எண்ணிக்கை மெஷினில் உள்ளதைவிட அதிகமாகவோ சமமாகவோ இருக்க வேண்டும். இதில் பேரமே கிடையாது.

காத்தாடி எழுதியது:

புரிந்தது. கேட்டது நல்லதாகப் போயிற்று.

கல்லுளி எழுதியது:

புதுமனை, இனி அறுக்கும் முறை. அவசரமில்லாமல் படியுங்கள்.

பலகையை இரண்டு கட்டைமேல் வைத்து நடுவில் அறுத்தால் முடிகிற நேரத்தில் இரண்டு பாதியும் உள்பக்கம் மடிந்து பிளேடைக் கவ்வும். கவ்வினால் மெஷின் உங்கள் பக்கம் எகிறும். அறுக்கும் கோட்டின் இரண்டு பக்கமும் தனித்தனியாகத் தாங்கல் வேண்டும், விழப்போகும் துண்டுக்கும் சேர்த்து. தெர்மோகோல் பலகையைத் தரையில் பரப்பி அதன்மேல் கல்லை முழுசாகக் கிடத்துவது எனக்குப் பிடித்த வழி. பிளேடு அடியில் தெர்மோகோலில் இறங்கும், கல் எங்கும் தொங்காது.

கோட்டின் மேல் டேப் ஒட்டி அதில் குறி போடுங்கள். நேரான இரும்புப் பட்டையை கிளாம்ப் போட்டு இறுக்கி, மெஷினின் அடித்தகட்டை அதன்மேல் சாய்த்து ஓட்டுங்கள். முதல் ஓட்டம் 3 மி.மீ. ஆழம் மட்டும். அதுதான் கோட்டைத் தீர்மானிக்கும், விளிம்புச் சில்லையும் குறைக்கும். அடுத்தடுத்து 5, 6 மி.மீ. ஆக இறக்குங்கள். மெஷினின் எடையே போதும், நீங்கள் தள்ளினால் போதும், அமுக்க வேண்டாம். மோட்டார் சத்தம் கம்மினால் நீங்கள் அமுக்குகிறீர்கள் என்று அர்த்தம்.

பள்ளத்துக்குள் பிளேடைத் திருப்பி வளைவு அறுக்க முயலாதீர்கள். கோடு விலகிவிட்டாலும் உள்ளே வைத்து நெம்பாதீர்கள். சுழற்சி நின்ற பிறகே வெளியே எடுங்கள். பிளேடின் நேர்க்கோட்டில் நிற்காமல் கொஞ்சம் தள்ளி நில்லுங்கள்.

சிங்க் துளைக்கு: உள்மூலையைச் சதுரமாக விடவே கூடாது, விரிசல் அங்கிருந்துதான் ஓடும். நான்கு மூலையிலும் முதலில் 35 மி.மீ. டைமண்ட் கோர் பிட்டால் (குழாய் வடிவ டிரில் பிட்) துளை போடுங்கள். பிறகு துளையிலிருந்து துளைக்கு நேர்க்கோடு. பிளேடு வட்டம் என்பதால் மேலே கோடு முடிந்த இடத்தில் அடியில் இன்னும் கல் மிச்சம் இருக்கும். அந்த மிச்சத்தை மூலைத் துளை பெரும்பாலும் விழுங்கிவிடும். துளை இல்லாவிட்டால் மேல்பக்கம் கோட்டைத் தாண்டி வெட்ட வேண்டிவரும், அந்த வெட்டு பலகையைப் பலவீனப்படுத்தும்.

கோர் பிட் தொடங்கும்போது வழுக்கி ஓடும். ஒரு பிளைவுட் துண்டில் அதே அளவு துளை போட்டு கல்லின்மேல் கிளாம்ப் செய்தால் அது வழிகாட்டும். டிரில்லைக் குறைந்த வேகத்தில் வைத்து, சுற்றிலும் களிமண்ணால் வரப்பு கட்டி நடுவில் தண்ணீர் விடுங்கள். இடையிடையே தூக்கிப் பொடியை வெளியே விடுங்கள்.

ஆய்வகம் எழுதியது:

மேலே உள்ளதோடு பாதுகாப்பையும் சேர்த்துக்கொள்ளுங்கள். அறுவைச் சிகிச்சைக்குப் போடும் நீல முகக்கவசம் இதற்கு உதவாது, ஓரத்தில் காற்று புகும். என்95, எஃப்.எஃப்.பி.2 அல்லது அதற்கு மேல் தரமுள்ள முகக்கவசம் வேண்டும். மாற்றக்கூடிய ஃபில்டர் உள்ள ரப்பர் முகமூடி இன்னும் நன்றாக ஒட்டும். தாடி இருந்தால் எதுவும் ஒட்டாது, மழிக்க வேண்டும். தண்ணீர் விட்டு வெளியில் அறுத்தாலும் நான் போட்டுக்கொள்ளச் சொல்வேன். ஓஷா விதியில் வெளியிடத்தில், தண்ணீர் இணைப்போடு வந்த கை ரம்பத்தை ஒரு ஷிஃப்டில் 4 மணி நேரம் வரை முகமூடி இல்லாமலே ஓட்ட அனுமதி உண்டு. ஆனால் அது தண்ணீர் சரியாக ஓடுகிறது என்ற நம்பிக்கையில் எழுதியது. வீட்டில் குழாய் மடங்கி நிற்பது சகஜம்.

கண்ணாடியும் அதன்மேல் முகத்தகடும். காதுக்கு அடைப்பான்: 85 டெசிபலில் பாதுகாப்பான வரம்பு 8 மணி நேரம் என்றால் அதற்கு மேல் ஒவ்வொரு 3 டெசிபலுக்கும் நேரம் பாதியாகும், 100 டெசிபலில் 15 நிமிடம்தான். கல்லில் ஓடும் மெஷின் அந்தப் பக்கம் சுலபமாகப் போகும். தொளதொள உடை, கழுத்தில் தொங்கும் எதுவும் வேண்டாம்.

நத்தை எழுதியது:

எனக்கு ஒரு கேள்வி. பலகை இல்லை, தோட்டத்தில் முக்கால் ஆள் உயரப் பாறை. அதை இரண்டாக்க வேண்டும். அதற்கு எவ்வளவு பெரிய பிளேடு?

கல்லுளி எழுதியது:

பிளேடே வேண்டாம். ஆப்பு. ஒரே கோட்டில் 10 முதல் 15 செ.மீ. இடைவெளியில் துளைகள் போட்டு, ஒவ்வொன்றிலும் இரண்டு இரும்புச் சிறகும் (துளைச் சுவரை ஒட்டி நிற்கும் தகடுகள்) நடுவில் ஓர் ஆப்பும் இறக்கி, வரிசையாக ஒவ்வொன்றுக்கும் ஓர் அடி, மறுபடி முதலிலிருந்து. ஒரே ஆப்பை ஓங்கி அடிக்காதீர்கள். சுத்தியலின் ஓசை மாறி வரும், இடையில் சற்றுப் பொறுத்திருங்கள், கல்லுக்கு நேரம் கொடுத்தால் விரிசல் தானாக ஓடும். பெரும்பாலான பாறைகளுக்குப் பிளவு சுலபமாக ஓடும் திசை ஒன்று இருக்கும், அதைப் பார்த்துக் கோடு போடுங்கள். துளை போடும்போது மட்டும் தூசு, அங்கே தண்ணீரும் முகக்கவசமும். மற்றபடி இது அறுப்பதைவிடப் பத்திரம், சத்தமும் குறைவு. உருண்டு விழும் பாதி எந்தப் பக்கம் போகும் என்று முன்பே யோசித்துக் கட்டை முட்டுக் கொடுங்கள்.

புதுமனை எழுதியது:

அறுத்த பிறகு அந்தச் சாம்பல் நிறக் குழம்பை என்ன செய்வது? கழுவிச் சாக்கடையில் விட்டுவிடலாமா?

ஆய்வகம் எழுதியது:

வேண்டாம், குழாயில் படிந்து கல்லாகக் கெட்டிப்படும். ஈரமாக இருக்கும்போதே வழித்து வாளியில் எடுங்கள். ஒரு நாள் விட்டால் பொடி அடியில் படியும், மேல் தண்ணீரை இறுத்துவிட்டு வண்டலைப் பையில் கட்டிக் குப்பையில் போடுங்கள். தரையில் காயவிட்டால் இவ்வளவு நேரம் தண்ணீர் விட்டுத் தடுத்த தூசெல்லாம் மறுபடி எழும்பும். துடைப்பத்தால் காய்ந்த பொடியைக் கூட்டாதீர்கள், காற்றுக் குழாயால் உடையை ஊதாதீர்கள். ஈரத்துணி, இல்லாவிட்டால் ஹெப்பா ஃபில்டர் (மிக நுண்ணிய தூசையும் பிடிப்பது) உள்ள வேக்கும் கிளீனர். உடையைத் தனியாகத் துவையுங்கள்.

புதுமனை எழுதியது:

மார்பிள் கட்டரை வாடகைக்கு எடுக்கப் போகிறேன். கிளம்பும் முன் பலகையைப் புரட்டிப் பார்த்தேன், பின்பக்கம் வலை மாதிரி ஒன்று பசை போட்டு ஒட்டியிருக்கிறது. அதை உரித்துவிட்டு அறுப்பதா?

கல்லுளி எழுதியது:

உரிக்காதீர்கள்! அது கண்ணாடியிழை வலை. கல் இயல்பிலேயே எளிதில் முறியக்கூடியது என்பதால் ஆலையில் ரெசின் ஊற்றி ஒட்டியிருப்பார்கள். முன்பக்கம் நன்றாக வெளிச்சம் காட்டி ரெசின் அடைத்த மெல்லிய கோடுகள் எங்கே ஓடுகின்றன என்று பாருங்கள், சிங்க்கின் மூலை அவற்றின்மேல் விழாதபடி இடத்தை நகர்த்துங்கள். சிங்க்குக்கு முன்னால் எஞ்சும் பட்டை 10 செ.மீ. கூட வராது என்றால் அந்த ஒரு துளையை மட்டும் கல் பட்டறையில் கொடுத்துவிடுங்கள். பட்டையின் அடியில் காடி வெட்டிக் கம்பி வைத்து எபாக்ஸிப் பசையில் பதித்துத் தருவார்கள். நீளக் குறைப்பை நீங்களே செய்யலாம்.

புதுமனை எழுதியது:

அளந்தேன், 7 செ.மீ.தான் வருகிறது. துளை பட்டறைக்கு, நீளம் எனக்கு.